அரைச்சுத்து வழிவிட்ட கதை

யார் மூடிய வால்வாக இருந்தாலும், தன் கையால் இன்னொரு அரைச்சுற்று திருகிப் பார்க்காமல் அவர் வீட்டுக்குக் கிளம்பியதில்லை. அதனால் நீரேற்று நிலையத்தில் அவருக்கு அரைச்சுத்து என்று பேர் விழுந்துவிட்டது. முகத்துக்கு நேரே அண்ணே என்பார்கள், முதுகுக்குப் பின்னால் அரைச்சுத்து. அவருக்கும் தெரியும். "நான் போய்த் திருகினப்போ எத்தனை வாட்டி அது இன்னும் சுத்தியிருக்கு, அதைச் சொல்லுங்கடா மொதல்ல" என்பார்.

அந்த நம்பாத புத்தி வால்வோடு நின்றுவிடவில்லை. பஸ்ஸில் ஏறினால் நடத்துநரிடம் ஒருமுறை, பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரிடம் ஒருமுறை, இது எங்கே போகிறது என்று கேட்பார். டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையை மருந்துக்கடைக்காரரிடம் நீட்டி, "இது இதுக்குத்தானா, நல்லாப் பாத்துச் சொல்லு" என்பார். கல்யாணமான புதிதில், குழம்பில் உப்புப் போட்டாயா என்று தினமும் கேட்டுக் கேட்டு, மனைவி கடைசியில் உப்புப் போடுவதையே நிறுத்திவிட்டாள். உப்பு ஜாடியைக் கொண்டுவந்து தட்டுக்குப் பக்கத்தில் வைத்து, "நீங்களே போட்டுக்குங்க, யார் மேலயும் சந்தேகம் வராது" என்றாள். அந்த ஜாடி இன்றைக்கும் அங்கேயேதான் இருக்கிறது.

இப்படிப்பட்ட மனிதர் வாழ்க்கையில் ஒரே ஒருமுறை பெருந்தன்மையாக ஒரு காரியம் செய்தார். அதையும் யாரையும் நம்பாமல் செய்தார். வினை அங்கேதான் பிடித்தது.

அந்த நிலையத்தில் ஒரு வழக்கம் இருந்தது. எந்தச் சட்டப் புத்தகத்திலும் அது கிடையாது. ஃபோர்மேன் ஓய்வு பெற்றுப் போனால், சர்வீஸில் அடுத்து மூத்தவன் அந்த நாற்காலியில் உட்கார வேண்டும். ஆனால் அவனுக்குக் கீழே, வயதில் பெரியவராக, தாமதமாக வேலைக்குச் சேர்ந்தவராக, இன்னும் கொஞ்ச மாதத்தில் வீட்டுக்குப் போகிறவராக ஒருவர் இருந்தால், மூத்தவன் ஒதுங்கிக்கொள்வான். பெரியவர் அந்தக் கொஞ்ச மாதமும் ஃபோர்மேனாக இருந்துவிட்டுப் போவார். அப்புறம் காலத்துக்கும் அவருக்கு ஃபோர்மேன் கணக்கில் பென்ஷன் வரும். அவர் போனதும் ஒதுங்கியவனின் முறை மறுபடி அவனுக்கே. இதற்கு வழிவிடுவது என்று பேர். அதிகாரியிடம் போய், "இந்த வாட்டி அவரு இருந்துட்டுப் போகட்டும் சார்" என்று வாயால் சொன்னால் போதும். அதிகாரி தலையாட்டுவார். வருஷக்கணக்காக இப்படித்தான் நடந்தது. யாரும் யாரையும் ஏமாற்றியதில்லை.

அரைச்சுத்தின் முறை வந்தபோது அவருக்குக் கீழே அப்படி ஒரு பெரியவர் இருந்தார். மோட்டார்களுக்கு எண்ணெய் விட்டு விட்டு விரல் நகமெல்லாம் கறுத்துப்போன மனிதர். இன்ஜின் கூடத்து இரைச்சலில் பாதிக் காதும் போய்விட்டது. அரைச்சுத்து அவரை அண்ணே என்றுதான் கூப்பிடுவார். அவருக்கு வழிவிட்டார். ஆனால் மற்றவர்களைப் போல வாயால் சொல்லிவிட்டு வர மனம் வரவில்லை. வாய்ச்சொல் இன்ஜின் இரைச்சலில் போய்விடும். நாளைக்கு எவனாவது வந்து, இவனுக்குத் தகுதி இல்லாததால்தான் தாண்டிப் போனார்கள் என்று சொன்னால் என்ன செய்வது? தெருவோரத்தில் மனு எழுதுகிறவரிடம் போய், தனக்கு ஃபோர்மேன் பதவி வேண்டாம், அடுத்தவருக்குக் கொடுக்கலாம் என்று எழுதி வாங்கி, கையெழுத்துப் போட்டு, ஆபீஸில் கொடுத்து, நகலில் வட்ட முத்திரையும் குத்திக்கொண்டு வந்தார். வழிவிட்டவர்களிலேயே எழுத்தில் கொடுத்த ஒரே ஆள் அவர்தான். தான் மட்டும்தான் விவரமானவன் என்று அப்போது நினைத்துக்கொண்டார்.

பெரியவர் ஃபோர்மேனாக ஓய்வு பெற்றார். அந்த இடத்துக்கு வேறு நிலையத்திலிருந்து ஒருவரை மாற்றிப் போட்டார்கள். அரைச்சுத்து பொறுத்துக்கொண்டார். நடுவில் பெரியவர் கண்ணை மூடினார். மாற்றலாகி வந்தவரும் ஓய்வு பெற்றுப் போனார். நாற்காலி காலியானது. அரைச்சுத்துக்கும் சர்வீஸ் முடிய ஒரு வருஷம்தான் மிச்சம்.

ஒரு காலை, இன்ஜின் கூடத்தின் வாசலில் இருந்த பலகையில் உத்தரவு ஒட்டியிருந்தது. முன்னால் கூட்டம். அரைச்சுத்து கிட்டே போனதும் கூட்டம் கலைந்தது. அது நல்ல சகுனமாக அவருக்குப் படவில்லை. எழுத்துக்கூட்டிப் படித்தார். ஃபோர்மேன் என்று போட்டு அதற்கு நேரே இருந்த பேர் ரேடியோவுடையது.

ரேடியோ என்பவன் அந்தப் பெரியவரின் மகன், அதே நிலையத்தில் சர்வீஸில் அரைச்சுத்துக்கு அடுத்தவன். காலையில் சட்டை மாட்டும்போது வாயைத் திறந்தால் ராத்திரி கழற்றும்போதுதான் மூடுவான். அப்பனை அண்ணே என்று கூப்பிட்டவர் என்பதால் அவனுக்கு அரைச்சுத்து சித்தப்பா.

"சித்தப்பா, சத்தியமா நான் போய்க் கேக்கல. யார்கிட்ட வேணா விசாரிச்சுக்குங்க. நேத்து வரைக்கும் எனக்கே தெரியாது. காலைல வந்தா எல்லாரும் கை குடுக்கறாங்க, யாருக்குடா குழந்தை பொறந்ததுன்னு கேட்டேன் நானு."

"நீ கேக்கலடா. வேண்டாம்னும் சொல்லல."

ரேடியோ பலகையை ஒருமுறை திரும்பிப் பார்த்தான்.

"எப்படி சித்தப்பா சொல்றது? வேண்டாம்னு எழுதிக்குடுத்தா என்னையும் உங்க மாதிரி கடைசில தூக்கிப் போட்டுடுவாங்களே."

அப்போதுதான் அரைச்சுத்துக்கு விஷயம் புரிந்தது. பலகையில் இன்னும் கீழே பார்த்தார். சீனியாரிட்டி வரிசையின் அடியில், போன மாதம் வேலைக்குச் சேர்ந்தவனுக்கும் கீழே, அவர் பேர் இருந்தது.

அதிகாரி புதிது. வேறு துறையிலிருந்து வந்தவர். மேஜையில் ஒரு தூசி இருக்காது. அரைச்சுத்து போய் நின்றதும் கோப்பைத் திறந்து அந்த மனுவைத் திருப்பிக் காட்டினார்.

"இது நீங்க போட்ட கையெழுத்துதானே?"

"நான்தான் போட்டேன்."

"பதவி வேண்டாம்னு எழுதியிருக்கு."

"அன்னிக்கு வேண்டாம்னு எழுதினேன் சார். பெரியவருக்காக. அவரு போனா என் முறை எனக்கு வரும். அதுதான் இங்க வழக்கம்."

"பெரியவர்னு இதுல எங்கயும் இல்லையே. பதவி உயர்வை எழுத்து மூலமா மறுத்தவர் சீனியாரிட்டில கடைசிக்குப் போவார். விதி அப்படி. எனக்கு உங்க மேல கோபமும் இல்ல, அந்தப் பையன் மேல பாசமும் இல்ல."

"இந்த வழக்கம் உங்களுக்குத் தெரியாது சார். நீங்க புதுசு."

"தெரியாதுதான். எழுத்துல எங்கயாவது இருந்தா கொண்டாந்து காட்டுங்க, தெரிஞ்சுக்கறேன்."

அந்த வார்த்தை அரைச்சுத்தின் நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. திட்டியிருந்தால்கூட மறந்திருப்பார்.

அடுத்த நாளிலிருந்து அவர் வேலை செய்தது ரேடியோவுக்குக் கீழே. ஃபோர்மேன் நாற்காலிக்குப் பின்னால் சுவரில் முதன்மை வால்வின் சாவி தொங்கும். மார்பு உயர இரும்புக் கம்பி, மேலே இரண்டு கையாலும் பிடிக்கக் குறுக்குப் பிடி. ஊருக்கே தண்ணீரை நிறுத்துகிற சாவி. ஃபோர்மேனைத் தவிர வேறு யாரும் அதைத் தொடுவதில்லை. ரேடியோ அதைத் தோளில் சாய்த்துக்கொண்டு, பேசிக்கொண்டே போவான். பேசிக்கொண்டே மூடுவான். பேசிக்கொண்டே திரும்பி வருவான். அரைச்சுத்தின் கை துறுதுறுக்கும். பின்னாலேயே போய் அரைச்சுற்று திருக அவருக்குச் சாவியும் இல்லை, அதிகாரமும் இல்லை.

வீட்டில் மனைவி, "எழுதிக் குடுக்காதீங்கன்னு அன்னிக்கே சொன்னேன்" என்றாள்.

"எங்க சொன்ன?"

"மனசுல சொன்னேன். வாய்ல சொன்னா நீங்க நம்பவா போறீங்க?"

வக்கீல் வைக்கச் சொன்னதும் அவள்தான். நகலெடுக்கிற கடைக்கு மேலே மாடியில் ஒரு சின்ன அறை. வக்கீல் சின்னப் பெண். அரைச்சுத்து நாற்காலியில் உட்காருவதற்கு முன்னால் அதை ஆட்டிப் பார்த்தார். அவள் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, "இதுக்கு முன்னாடி ஜெயிச்சிருக்கியாம்மா?" என்றார்.

"ஜெயிச்சிருக்கேன், தோத்தும் இருக்கேன். நீங்க மூடின வால்வுல ஒண்ணுகூட ஒழுகினதில்லையா?"

அரைச்சுத்து அவளை மேலும் கீழும் பார்த்தார். "சரி, சொல்லு" என்றார். அவர் யாருக்கும் கொடுக்கிற அதிகபட்ச நற்சான்று அதுதான்.

"காகிதம் அவங்க பக்கம் பேசுது ஐயா. அதை நாம இல்லைன்னு சொல்ல முடியாது. உங்க பக்கம் பேச மனுஷங்க வேணும். இதுக்கு முன்னால வழிவிட்டவங்க, வழிவிட்டதால ஃபோர்மேனா போனவங்க. தீர்ப்பாயத்துல வந்து நின்னு ஆமா, இப்படித்தான் நடந்ததுன்னு சொல்லணும்."

"வர மாட்டாங்க."

"கேட்டுப் பாத்தீங்களா?"

"கேட்டுத்தான் தெரியணுமா?"

ஆனாலும் போனார். ஓய்வு பெற்ற ஃபோர்மேன்கள் சாயங்காலம் பூங்கா பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்திருப்பார்கள். எல்லாரும் கூடத்து இரைச்சலில் காதைத் தொலைத்தவர்கள் என்பதால், அவர்கள் ரகசியம் பேசினால் ரோட்டில் போகிறவனுக்கும் கேட்கும். அரைச்சுத்து விஷயத்தைச் சொன்னார். பெஞ்சு ஆளுக்கொரு பக்கம் பார்த்தது. அதில் தூங்குமூஞ்சி என்று ஒருவர் உண்டு. நின்றபடியே தூங்குகிறவர், ஆனால் மோட்டாரின் சத்தம் கொஞ்சம் மாறினாலும் முதலில் விழித்துக்கொள்கிறவர். அவர்தான் வாயைத் திறந்தார்.

"நான் வந்து சொல்றேன்னு வெச்சுக்கோ. அப்போ உனக்கு அந்த நாற்காலி வந்ததே முறையில்லை, பென்ஷனைக் குறைன்னு சொல்லிட்டா? இந்த வயசுல நான் எங்கப்பா போய் வாட்ச்மேன் வேலை பாக்கறது? தூங்கிடுவேன்."

யாரும் சிரிக்கவில்லை. அரைச்சுத்து எழுந்து வந்துவிட்டார். அவர்கள் மேல் அவருக்குக் கோபம் வரவில்லை. அவர்கள் இடத்தில் தான் இருந்தாலும் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுத்திருக்க மாட்டோம் என்று அவருக்குத் தெரியும்.

மனைவி உப்பு ஜாடியைத் தள்ளி வைத்துவிட்டு எதிரில் உட்கார்ந்தாள்.

"அண்ணியைப் போய்ப் பாக்கலாமே."

அண்ணி என்றால் செத்துப்போன பெரியவரின் மனைவி. ரேடியோவின் அம்மா. பெரியவரின் பென்ஷனில் பாதி இப்போது அவளுக்கு வருகிறது.

"பேசாதே. அண்ணிகிட்ட போய் நின்னா, குடுத்ததைத் திருப்பிக் கேட்ட மாதிரி ஆகும். பெத்த பையனுக்கு எதிரா அவங்க எப்படி வந்து நிப்பாங்க? நீயும் போகக் கூடாது. சொல்லிட்டேன்."

"சரி" என்றாள் மனைவி. முப்பத்தைந்து வருஷக் குடித்தனத்தில் அவள் அப்படிச் சட்டென்று சரி என்றதில்லை. அரைச்சுத்துக்கு அப்போதே சந்தேகம் வந்திருக்க வேண்டும். வழக்கின் கவலையில் கோட்டைவிட்டுவிட்டார்.

அரசாங்க ஊழியர்களின் வழக்கை மட்டும் விசாரிக்கிற தீர்ப்பாயம் அது. உயரமான ஜன்னல்கள், மேலே மெதுவாகச் சுற்றுகிற மின்விசிறி, உட்கார்ந்தால் முனகுகிற பெஞ்சுகள். முன்னால் இரண்டு வக்கீல்களும் நின்றார்கள். அதிகாரி கோப்போடு ஒரு பக்கம். வழக்கில் அவனும் ஒரு தரப்பு என்பதால் ரேடியோ இன்னொரு பக்கம். கடைசி பெஞ்சில் பூங்கா கூட்டம் அப்படியே வந்து உட்கார்ந்திருந்தது. சும்மா பார்க்க வந்தோம் என்றார்கள். சும்மாதான் வந்திருப்பார்கள் என்று அரைச்சுத்தும் நினைத்தார்.

அரசு வக்கீல் நன்றாகப் பேசினார். மனுவைப் படித்தார். விதியைப் படித்தார். வழிவிடுவது என்று ஒரு வழக்கம் இந்தத் துறையில் இருந்ததே இல்லை, பதவி வேண்டாம் என்று ஓடியவர் வயதான காலத்தில் ஆசைப்பட்டுக் கட்டிய கதை இது என்றார். ஓடியவர் என்றதும் அரைச்சுத்து எழுந்தார். வக்கீல் பெண் அவர் சட்டையைப் பிடித்து உட்கார வைத்தாள்.

நீதிபதி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு, "வழக்கம்னு சொல்றீங்களே, அதைச் சொல்ல யாராவது இருக்காங்களா?" என்று வக்கீல் பெண்ணைக் கேட்டார்.

அவள் கடைசி பெஞ்சைத் திரும்பிப் பார்த்தாள். கடைசி பெஞ்சு தரையைப் பார்த்தது. தூங்குமூஞ்சி கண்ணை மூடிக்கொண்டார், ஆனால் தூங்கவில்லை.

"நான் இருக்கேன்" என்று ஒரு குரல் வாசலிலிருந்து வந்தது. ஜன்னல் கண்ணாடி அதிர்ந்ததாகப் பிற்பாடு எல்லாரும் சொல்லிக்கொண்டார்கள். காலையிலிருந்து வாசலில் நின்று எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த அண்ணி, கைத்தடியை ஊன்றிக்கொண்டு உள்ளே வந்தாள். ரேடியோ எழுந்து, "அம்மா, நீ எதுக்கு..." என்று ஆரம்பித்தான்.

"நீ தினமும் பேசற. இன்னிக்கு நான் பேசறேன். உக்காரு."

ரேடியோ உட்கார்ந்தான். வக்கீல் பெண் அவளையே சாட்சியாக விசாரிக்க அனுமதி கேட்டாள். அரசு வக்கீல் மறுப்புச் சொன்னார். நீதிபதி, "இவ்வளவு தூரம் வந்துட்டாங்க, கேட்டுத்தான் பாப்போமே" என்றார். கூண்டில் ஏறி உண்மையே சொல்வதாக அவள் சொன்ன உறுதிமொழி, அடுத்த அறையில் நடந்த வழக்கை நிறுத்தியது.

"அம்மா, கொஞ்சம் மெதுவா" என்றார் நீதிபதி.

"எங்க வீட்டுக்காரருக்கு மெதுவாச் சொன்னா கேக்காது ஐயா. பழகிப்போச்சு."

"உங்க பையன்தானே இப்போ ஃபோர்மேன்?" என்று வக்கீல் பெண் ஆரம்பித்தாள்.

"ஆமா. நான் பெத்தவன்தான்."

"சரி, உங்களுக்குத் தெரிஞ்சதைச் சொல்லுங்க."

"இந்தத் தம்பி எங்க வீட்டு வாசல்ல வந்து நின்னாரு. உள்ளகூட வரல. அண்ணி, அண்ணன் ஃபோர்மேனா வீட்டுக்கு வரட்டும், நான் அப்புறம் பாத்துக்கறேன்னாரு. எங்க வீட்டுக்காரருக்குக் கேக்கல. நான்தான் அவரு காதுல கத்திச் சொன்னேன். தெருவே கேட்டுச்சு. இதுக்கு என்ன ரகசியம்? அதுக்கு முன்னால எத்தனையோ பேருக்கு எத்தனையோ பேரு வழிவிட்டாங்க. இவரு ஒருத்தர்தான் அதை எழுதிக்குடுத்துட்டு வந்தாரு. அப்போவே சிரிச்சோம். யாரையும் நம்ப மாட்டாரு, அவ்வளவுதான் அவருகிட்ட இருக்கற குறை. இன்னிக்கு நான் மாத்திரை முழுங்கறது அந்த நாற்காலியில வந்த பென்ஷன்ல. வெட்டணும்னா வெட்டிக்குங்க. ஆனா இவரு வேண்டாம்னு ஓடினாருன்னு எழுதாதீங்க. ஓடற ஆளு இல்ல இவரு. மூடின வால்வையே திரும்பிப் போய்ப் பாக்கற ஆளு."

அரைச்சுத்து தன் செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணில் என்னவோ விழுந்த மாதிரி இருந்தது. கூடத்தில் தூசி அதிகம் என்று நினைத்துக்கொண்டார்.

அரசு வக்கீல் எழுந்தார். "அம்மா, நீங்க சொல்றதை ஒத்துக்கிட்டா உங்க பையன் பதவி போயிடும். அது தெரியுமா உங்களுக்கு?"

"போகாது. தள்ளிப்போகும்."

"என்ன வித்தியாசம்?"

"இவருக்கு வீட்டுக்குப் போக இன்னும் கொஞ்ச நாள்தான் இருக்கு. என் பையனுக்கு வயசு இருக்கு. வயசு இருக்கறவன் ஒதுங்கணும், போறவர் இருந்துட்டுப் போகணும். இதைத்தானே ஐயா காலைலேர்ந்து இல்லை இல்லைங்கறீங்க."

அரசு வக்கீல் உட்கார்ந்தார். கேட்டிருக்கக் கூடாத கேள்வியைக் கேட்டுவிட்டோம் என்று அவர் முகத்தில் எழுதி ஒட்டியிருந்தது.

நீதிபதி ரேடியோ பக்கம் திரும்பினார். "நீங்க என்ன சொல்றீங்க?"

ரேடியோ எழுந்தான். அம்மாவைப் பார்த்தான். அரைச்சுத்தைப் பார்த்தான்.

"நான் சித்தப்பாவுக்கு வழிவிடறேன் ஐயா. ஆனா வாயால சொன்னாப் போதும்தானே? எழுதிக்குடுத்தா கடைசில தள்ளிடுவாங்க."

கூடம் வாய்விட்டுச் சிரித்தது. நீதிபதியும் சிரித்தார், கண்ணாடி நெற்றியிலிருந்து மூக்குக்கு வந்து விழுந்தது. சிரிப்பு அடங்குவதற்குள் கடைசி பெஞ்சு முனகியது. தூங்குமூஞ்சி எழுந்து நின்றிருந்தார்.

"எனக்கும் ஒருத்தர் வழிவிட்டாரு ஐயா. பென்ஷன் போனாப் போகட்டும். ஒரு பொம்பளை வந்து சொல்லிட்டுப் போறா, நான் இங்க கண்ணை மூடிக்கிட்டு உக்காந்திருக்கேன். ரொம்பக் கேவலமா இருக்கு."

பக்கத்தில் இருந்தவர் எழுந்தார். "நான் ஒருத்தருக்கு வழிவிட்டேன். அப்புறம் நானே ஃபோர்மேன் ஆனேன். என்னை யாரும் கடைசில தள்ளல." அவருக்கு அடுத்தவரும் எழுந்தார். பெஞ்சில் உட்கார்ந்திருந்த ஆளே இல்லை. எல்லாரும் ஒரே நேரத்தில், காது கேளாதவர்களின் உரத்த குரலில், யார் யாருக்கு வழிவிட்டார்கள் என்று சொல்ல ஆரம்பித்தார்கள். டவாலிச் சேவகன் அமைதி அமைதி என்று கத்தியது யாருக்கும் கேட்கவில்லை. அரைச்சுத்து திரும்பிப் பார்த்தார். அவர்கள் நிற்பதை நம்ப முடியாமல் இன்னொரு முறை பார்த்தார். நின்றுகொண்டுதான் இருந்தார்கள்.

ஒரு வழியாக அமைதி வந்ததும் நீதிபதி அரசு வக்கீலைக் கேட்டார். "இவங்க பென்ஷன்ல துறை கை வைக்குமா?"

"துறையைக் கேட்டுத்தான் சொல்ல முடியும்."

"துறை அங்க கோப்போட உக்காந்திருக்கே. இப்பவே கேளுங்க."

அதிகாரி தானே எழுந்தார். கொஞ்ச நேரம் கோப்பையும் கடைசி பெஞ்சையும் மாறி மாறிப் பார்த்தார். "வைக்க மாட்டோம்" என்றார். அதற்கு மேல் ஒரு வார்த்தை சேர்க்கவில்லை. அரைச்சுத்துக்கு அந்த ஆளை முதல் முறையாகக் கொஞ்சம் பிடித்தது.

தீர்ப்பு அடுத்த வாரம் வந்தது. கொஞ்ச காலத்துக்கு ஒதுங்கி நிற்பது பதவி உயர்வை மறுப்பது ஆகாது. இந்த வழக்கத்தைத் துறையே இத்தனை காலம் ஒத்துக்கொண்டு நடத்தியிருக்கிறது. வாயால் சொன்னவர்களை விட்டுவிட்டு எழுதிக் கொடுத்தவரை மட்டும் தண்டிப்பது நியாயமில்லை. மனுதாரருக்கு அவருடைய பழைய வரிசையைத் திருப்பிக் கொடுக்க வேண்டும், உத்தரவு போட்ட நாளிலிருந்தே அவரை ஃபோர்மேனாகக் கருத வேண்டும். ரேடியோவின் வரிசைக்கு எந்தக் குறைவும் வரக் கூடாது. வக்கீல் பெண் படித்துச் சொன்னாள். அரைச்சுத்து இன்னொரு முறை படிக்கச் சொன்னார். வீட்டுக்கு வந்து மனைவியிடம் கொடுத்து மூன்றாவது முறை படிக்கச் சொன்னார். மூன்று முறையும் ஒன்றேதான் சொன்னது.

"அண்ணிகிட்ட நீ போய்த்தானே கேட்ட?" என்றார் மனைவியிடம்.

"நான் எதுவும் கேக்கல. எந்த நாள், எந்த ரூம்னு மட்டும் சொன்னேன்."

"போகாதேன்னு சொன்னேனே."

"சரின்னு சொன்னேன். போக மாட்டேன்னு எங்க சொன்னேன்?"

அவர் தட்டை இழுத்துக்கொண்டார். உப்பு ஜாடியைத் தொடாமல் சாப்பிட்டார். அவள் அன்றைக்கு உப்பைப் போட்டிருந்தாள். சரியாகவே போட்டிருந்தாள்.

மறுநாள் காலை நேரே அதிகாரி அறைக்குப் போனார். கதவைத் தட்டினார். உள்ளே போய், தீர்ப்பின் நகலை அந்தத் தூசியில்லாத மேஜையில் வைத்தார்.

"எழுத்துல இருந்தா காட்டச் சொன்னீங்களே சார். இந்தாங்க."

அதிகாரி படித்தார். முழுவதும் படித்தார். பிறகு எழுந்து நின்று கை நீட்டினார். "இனிமே விதிப் புத்தகத்துலயே சேத்துடலாம், ஃபோர்மேன்" என்றார்.

ஃபோர்மேன் என்று அவரை முதலில் கூப்பிட்டது அந்த வாய்தான். இரண்டாவது, கூடத்து வாசலில் நின்ற ரேடியோவின் வாய். மூன்றாவதிலிருந்து எண்ண முடியவில்லை. மோட்டார்களின் இரைச்சலுக்கு மேலே எல்லாரும் கத்தினார்கள். பூங்கா கூட்டம் அன்றைக்கு டீயோடு கூடத்துக்கே வந்துவிட்டது. தூங்குமூஞ்சி ஃபோர்மேன் நாற்காலியைத் துடைத்துக் கொடுத்துவிட்டு, பழைய நினைப்பில் அதிலேயே உட்கார்ந்து தூங்கிப்போனார். அவரை யாரும் எழுப்பவில்லை. அரைச்சுத்துக்கு உட்காருகிற எண்ணமும் இல்லை. அவர் கண் சுவரில் இருந்தது.

ரேடியோ சாவியைக் கழற்றி இரண்டு கையாலும் நீட்டினான். "சித்தப்பா, இது எவ்வளவு கனம் தெரியுமா, என் தோளே போச்சு, நீங்க வந்தது எனக்குத்தான் நிம்மதி, நான் என்ன சொல்றேன்னா..."

"டேய், சாவியைக் குடுத்துட்டுப் பேசு."

மத்தியானம் பெரிய குழாயில் ஒரு இணைப்பை மாற்ற வேண்டியிருந்தது. முதன்மை வால்வை மூட வேண்டும். தோள் போச்சு என்றவன் தோளில்தான் முதலில் ஏற்ற வேண்டும் என்று அரைச்சுத்துக்குப் பட்டது. சாவியை ரேடியோவிடமே திருப்பிக் கொடுத்தார். சுற்றி நின்றவர்கள் வாயைப் பிளந்தார்கள். ஃபோர்மேன் சாவியை வேறொருவன் கையில் கொடுத்த முதல் ஃபோர்மேன் அவர்தான்.

"போய் மூடிட்டு வா."

ரேடியோ பேசிக்கொண்டே போனான். பேசிக்கொண்டே திருகினான். நெற்றி வியர்வையைத் துடைத்துக்கொண்டே திரும்பி வந்து, "இறுக்கி மூடியாச்சு சித்தப்பா, இதுக்கு மேல ஒரு நூலளவுகூட நகராது. இன்னிக்கு ஒரு நாளாவது என்னை நம்புங்க" என்றான். எல்லாரும் அரைச்சுத்தைப் பார்த்தார்கள்.

"நம்பறேன்டா" என்றார் அவர். அந்த வார்த்தையை அவர் வாயிலிருந்து கேட்டது எல்லாருக்கும் அதுதான் முதல் தடவை.

சொல்லிவிட்டுச் சாவியை வாங்கித் தோளில் சாய்த்துக்கொண்டு வால்வை நோக்கி நடந்தார். பின்னால் சிரிப்பு கிளம்பியது. அவர் திரும்பவில்லை. சாவியைப் பொருத்தினார், கால்களை அகட்டி ஊன்றினார், குறுக்குப் பிடியை இரண்டு கையாலும் பிடித்து மெல்ல அழுத்தினார்.

வால்வு இன்னும் அரைச்சுற்று சுற்றியது.

ஃபோர்மேன் சாவியைக் கழற்றிக்கொண்டு, தண்ணீர் அடியோடு நின்றுபோன குழாயின்மேல் கையை வைத்துப் பார்த்தார். பிறகு, "இப்போ வேலையை ஆரம்பிங்கடா" என்று கூடமே கேட்கக் கத்தினார்.